கூத்தும் கூலியும்: திருவண்ணாமலை வட்டாரமும் ஆவணப்படக் கலையும்

ஒரு வட்டாரத்தின் அன்றாட வாழ்வையும் பண்பாட்டையும் ஆவணப்படமாக்க முனையும் இயக்குநருக்குப் பொருள் பஞ்சம் ஏற்படுவதில்லை. திருவிழா, தொழில், வழிபாடு, சந்தை, சாவுச் சடங்கு, ஊர்க்கூட்டம் என ஒவ்வொன்றும் தனிப் படத்துக்கு உரியது. ஆனால் இவற்றில் எதை எதனோடு சேர்த்துக் காட்டுவது என்ற முடிவில்தான் அந்தப் படம் வட்டாரத்தைப் புரிந்துகொண்டதா, வேடிக்கை பார்த்துவிட்டுத் திரும்பியதா என்பது தீர்மானமாகிறது.

நடிகர்களைக் கொண்டு புனையாமல், வாழும் மனிதர்களையும் நடக்கும் நிகழ்ச்சிகளையும் அவற்றின் இடத்திலேயே பதிவு செய்து, அப்பதிவுகளைத் தேர்ந்து தொகுத்து ஒரு பார்வையை முன்வைக்கும் படமே ஆவணப்படம் எனப்படுகிறது. தமிழில் இவ்வகைப் படங்கள் பெரும்பாலும் இரண்டு கிளைகளாக வளர்ந்துள்ளன. கலை, கலைஞர், வழிபாடு ஆகியவற்றைப் பதிவு செய்யும் பண்பாட்டுப் படங்கள் ஒரு கிளை. சாதி, தொழில், சூழல், அரச வன்முறை ஆகியவற்றை விசாரிக்கும் சமூகப் படங்கள் மறு கிளை. இந்தப் பாகுபாடு திரைப்பட விழாக்களின் வகைப்பாட்டுக்கும் நிதி கோரும் விண்ணப்பத்துக்கும் வசதியாக இருக்கலாம். ஊரில் வாழும் மனிதருக்கு அது பொருந்துவதில்லை. இரவில் கர்ணனாக வேடம் கட்டுபவரும் பகலில் நிலக்கடலை பறிக்கப் போகும் கூலியாளும் பல ஊர்களில் ஒரே ஆள்தான். கூத்தைக் காட்டிக் கூலியை விடுவதும், கூலியைக் காட்டிக் கூத்தை விடுவதும் ஒரே குறையின் இரு முகங்கள் என்பதைத் திருவண்ணாமலை வட்டாரத்தைக் களமாகக் கொண்டும், இரு கிளைகளையும் நெடுங்காலம் வளர்த்த ஹங்கேரியின் அனுபவத்தோடு ஒப்பிட்டும் இக்கட்டுரை ஆராய்கிறது.

மலையை நோக்கித் திரும்பிய கேமராக்கள்

திருவண்ணாமலையின் பெயர் உலகின் கண்ணில் பட்டதற்கு 2,668 அடி உயரமுள்ள மலையும் அதன் அடிவாரத்தில் வாழ்ந்த ஒரு துறவியும் காரணம். 1896 செப்டம்பர் 1 அன்று பதினாறு வயதில் இங்கு வந்து சேர்ந்த ரமண மகரிஷியைப் பற்றி ஆங்கில எழுத்தாளர் பால் பிரண்டன் 1934இல் வெளியிட்ட நூல் மேலை நாட்டினரை இந்த ஊருக்கு இழுத்தது. 1938இல் வந்துபோன சாமர்செட் மாம், அந்தச் சந்திப்பின் சாயலை 1944இல் வெளிவந்த தம் நாவலில் பயன்படுத்திக்கொண்டார். புகைப்படக் கலையின் முன்னோடிகளில் ஒருவரான பிரெஞ்சுக் கலைஞர் ஹென்றி கார்த்தியே பிரசோன், 1950 ஏப்ரல் 14 இரவு ரமணர் மறைந்தபோது இந்த ஊரிலேயே இருந்தார்; இரவு 8.47க்கு வானில் ஓர் ஒளி மெல்ல நகர்ந்து மலைக்குப் பின்னால் மறைந்ததைத் தாம் கண்டதாகவும் அவர் பதிவு செய்துள்ளார். அவர் எடுத்த படங்கள் இன்றும் இந்த ஊரின் காட்சி அடையாளத்தில் பங்கு பெறுகின்றன.

அதன்பின் வந்த கேமராக்களும் பெரும்பாலும் அதே திசையைப் பார்த்தே நின்றன. கார்த்திகைத் தீபத்தன்று மாலை ஆறு மணிக்கு மலையுச்சியில் ஏற்றப்படும் சுடரைத் தொலைக்காட்சிகள் நேரலையாகக் காட்டுகின்றன. முழுநிலா நாட்களில் 14 கிலோமீட்டர் கிரிவலப் பாதையில் நடக்கும் கூட்டத்தை ஆளில்லா விமானக் கேமராக்கள் மேலிருந்து பதிவு செய்கின்றன. இக்காட்சிகள் பொய்யானவை அல்ல. ஆனால் 1989 செப்டம்பரில் பழைய வடஆற்காட்டிலிருந்து பிரிந்து உருவான ஒரு பெரிய மாவட்டத்தின் வாழ்க்கை முழுவதும் அந்த மலையைச் சுற்றியே நடப்பதான தோற்றத்தை அவை உண்டாக்கிவிடுகின்றன. ஆரணியின் பட்டுத்தறிகள், செய்யாறு, வந்தவாசிப் பகுதியின் நிலக்கடலைக் காடுகள், சாமை விளையும் ஜவ்வாதுமலைச் சரிவுகள் ஆகிய எவையும் அந்தச் சட்டகத்துக்குள் வருவதில்லை.

கிரிவலப் பாதைக்கு வெளியே, வேலூர் சாலையில் ஏரியை ஒட்டி அமைந்த வேங்கிக்கால் இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. மாவட்ட ஆட்சியர் அலுவலகம் இங்குதான் உள்ளது. திங்கட்கிழமைகளில் நடக்கும் மக்கள் குறைதீர் கூட்டத்துக்குப் பட்டா மாறுதல், முதியோர் உதவித்தொகை, சாதிச் சான்றிதழ், ஏரி ஆக்கிரமிப்பு, சுடுகாட்டுப் பாதை எனப் பலவகை மனுக்களோடு மாவட்டத்தின் எல்லா மூலைகளிலிருந்தும் மக்கள் வந்து சேர்கிறார்கள். யாத்ரீகர் காணும் திருவண்ணாமலைக்கும் மனுதாரர் காணும் திருவண்ணாமலைக்கும் இடையே சில கிலோமீட்டர் தொலைவுதான். ஆவணப்படங்கள் அந்தத் தொலைவைக் கடப்பது அரிதாகவே இருந்துள்ளது.

இந்த வட்டாரத்துக்கு அன்றாடத்தைப் பதிவு செய்யும் மரபு புதிதன்று. இவ்வட்டாரத்துச் செங்கத்தை ஆண்ட நன்னனைத் தலைவனாகக் கொண்ட சங்க நூலான மலைபடுகடாம், கூத்தராற்றுப்படை என்ற மறுபெயரும் உடையது. இசைக்கருவிகளைப் பையில் கட்டிச் சுமந்து மலைவழியே நடக்கும் கலைஞர் குழுவை வழியில் எந்த ஊரில் என்ன உணவு கிடைக்கும், எங்கே எச்சரிக்கை தேவை என்ற விவரங்களோடு அது ஆற்றுப்படுத்துகிறது. தமிழ்நாடு தொல்லியல் துறைக்காக இரா. நாகசாமி பதிப்பித்து 1972இல் வெளிவந்த செங்கம் நடுகற்கள் தொகுப்பு, பல்லவர் கால ஆநிரைப் பூசல்களில் இறந்த எளிய வீரர்களின் பெயர்களை வெளிக்கொணர்ந்தது. மகேந்திரவர்மனின் 34ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த எடத்தனூர் நடுகல்லில், இறந்த வீரனோடு அவன் வளர்த்த கோவிவன் என்ற நாயும் பெயரோடு செதுக்கப்பட்டுள்ளது. கலைஞரின் பசியும் வீரனின் நாயும் இடம்பெறத் தக்க செய்திகள் என்று கருதிய இப்பதிவுகளே இவ்வட்டாரத்தைப் படமெடுப்போருக்கு முன்மாதிரி ஆகத் தக்கவை.

தமிழ் ஆவணப்படத்தின் இரு கிளைகள்

தமிழர் ஒருவர் தனிமுயற்சியாக மேற்கொண்ட முதற்பெரும் ஆவணப்பட உழைப்பு ஏ.கே.செட்டியாருடையது. கோட்டையூரில் பிறந்து டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்ற அவர், 1937 அக்டோபரில் கப்பற் பயணம் ஒன்றில் தோன்றிய எண்ணத்தைப் பற்றிக்கொண்டு, காந்தியைப் பற்றிய படச்சுருள்களைத் தேடிப் பல நாடுகளில் அலைந்து, சுமார் 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டி, 1940இல் தம் படத்தைத் தமிழில் வெளியிட்டார். பின்னாளில் குமரி மலர் இதழில் பழைய செய்திகளைத் தேடித் தொகுத்து வெளியிட்ட அவருடைய இயல்பும் இதே ஆவண உணர்விலிருந்து பிறந்ததுதான்.

விடுதலைக்குப் பின் இத்துறை அரசின் கைக்குப் போனது. 1948இல் தொடங்கிய பிலிம்ஸ் டிவிஷன் தயாரித்த படங்கள் திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன் கட்டாயமாகக் காட்டப்பட்டதால், ஆவணப்படம் என்றாலே பின்னணியில் ஒரு குரல் விளக்கம் சொல்ல, அணைகளும் ஆலைகளும் நாட்டியங்களும் அடுத்தடுத்துத் தோன்றும் செய்திப்படம் என்ற எண்ணம் பார்வையாளரிடம் படிந்தது. இந்த வாய்பாட்டுக்கு வெளியே தமிழகக் கலையை அணுகிய படங்களில் சத்யஜித் ராய் 1976இல் நாட்டியக் கலைஞர் பாலசரசுவதியைப் பற்றி எடுத்த ‘பாலா’ குறிப்பிடத்தக்கது.

பிற்காலத்தில் பண்பாட்டுக் கிளையில் இயங்கியவர்களில் ஆர்.வி.ரமணியும் அம்ஷன் குமாரும் முக்கியமானவர்கள். பூனா திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்ற ரமணி, 2003இல் வெளிவந்த ‘நீ எங்கே’ படத்தில் தென்னிந்தியத் தோற்பாவைக் கூத்துக் குடும்பங்களைத் தேடிச் சென்றார். விளக்கவுரையை ஒதுக்கி, கேமராவுக்கும் எதிரே நிற்பவருக்கும் இடையே உருவாகும் உறவையே படத்தின் பொருளாக்குவது அவர் வழி. பாரதியைப் பற்றி 1999இல் படமெடுத்த அம்ஷன் குமார், 2015இல் யாழ்ப்பாணத் தவில் மேதை தெட்சணாமூர்த்தியைப் பற்றி எடுத்த படம் தேசிய விருது பெற்றது.

சமூகக் கிளையில், 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்கு ஆதரவாக நடந்த பேரணியில் 17 பேர் இறந்ததைப் பொருளாகக் கொண்டு ஆர்.ஆர்.சீனிவாசன் எடுத்த ‘நதியின் மரணம்’, மதுரையில் மலம் அள்ளும் தூய்மைப் பணியாளரின் வேலையைப் பின்தொடர்ந்து ஆர்.பி.அமுதன் 2003இல் எடுத்த ‘பீ’, கையால் மலம் அள்ளும் கொடுமையை மாநில அளவில் விசாரித்துத் திவ்யபாரதி 2017இல் வெளியிட்ட ‘கக்கூஸ்’ ஆகியவை தமிழ்ச் சமூகத்தின் மனச்சான்றை உலுக்கின. மதுரையில் 1998 முதல் அமுதன் நடத்திவரும் ஆவணப்பட, குறும்பட விழா இத்தகைய படங்களுக்குப் பார்வையாளர்களை உருவாக்கியது.

இரு கிளைகளும் சந்திக்கும் முயற்சிகள் குறைவு. லீனா மணிமேகலையின் தொடக்ககாலப் படங்கள் அவற்றுள் அடங்கும். அரக்கோணம் பகுதியில் அருந்ததியர் பெண்குழந்தைகள் தெய்வத்துக்கு நேர்ந்துவிடப்படும் வழக்கத்தை 2002இல் ‘மாத்தம்மா’ ஆராய்ந்தது. 2007இல் வந்த ‘தேவதைகள்’, ஒப்பாரி பாடுபவர், கடலுக்குப் போகும் மீனவப் பெண், அநாதைப் பிணங்களைப் புதைப்பவர் ஆகிய மூவரின் தொழிலையும் தன்மதிப்பையும் ஒரே இழையில் கோத்தது. ஒப்பாரி இப்படத்தில் அருங்காட்சியகப் பொருளாக நிற்பதில்லை. அது ஒரு பெண்ணின் பிழைப்பாகவும் கலையாகவும் ஒருசேர விளங்குகிறது.

பாரத விழாவும் கேமராவின் பொறுமையும்

திருவண்ணாமலை வட்டாரத்தில் இத்தகைய இணைப்பைக் கோரும் மிகப்பெரிய பொருள் பாரத விழா. திரௌபதி அம்மன் கோயில்களில், அறுவடை முடிந்து நிலம் ஓய்ந்திருக்கும் பங்குனி தொடங்கி ஆடி வரையிலான காலத்தில் நடக்கும் இவ்விழா, சில ஊர்களில் பத்து நாளும் சில ஊர்களில் பதினெட்டு நாளும் அதற்கு மேலும் நீள்கிறது. பிற்பகலில் பாரதப் பிரசங்கியார் வில்லிபாரதத்தை அடியொற்றிக் கதை சொல்கிறார். அதே கதையின் பகுதியை இரவில் கூத்துக் குழு ஆடிக் காட்டுகிறது. இறுதி நாட்களில் ஊரே கதைக்குள் புகுந்து சடங்காக நடத்துகிறது. கல்யாண முருங்கை போன்ற இலேசான மரத்தில் செதுக்கிக் கண்ணாடித் துண்டுகள் பதித்த கிரீடம், புஜக்கட்டை, மார்ப்பதக்கம் முதலிய அணிகளுக்குக் கட்டை என்று பெயர். அவற்றை அணிந்து ஆடுவதால் இது கட்டைக்கூத்து எனவும், பொதுவாகத் தெருக்கூத்து எனவும் வழங்குகிறது. மிருதங்கம், டோலக், ஆர்மோனியம், தாளம் ஆகியவற்றோடு முகவீணையின் கூர்மையான நாதமும் சேர்ந்து இரவு முழுவதும் ஒலிக்கிறது.

அருச்சுனன் தபசு அன்று, நெட்டையாக நட்ட தபசு மரத்தின் படிகளில் பாட்டுப் பாடியபடியே ஏறும் கலைஞர் உச்சியிலிருந்து எலுமிச்சம்பழமும் பூவும் வீச, குழந்தை வேண்டும் பெண்கள் கீழே மடியேந்தி நிற்கிறார்கள். படுகளத்தன்று காலை, திறந்த வெளியில் களிமண்ணால் பல அடி நீளத்துக்குத் துரியோதனன் உருவம் மல்லாந்த நிலையில் வனையப்பட்டு வண்ணம் பூசப்படுகிறது. வேடம் கட்டிய துரியோதனனும் வீமனும் அந்த மண்ணுருவின் மேலும் சுற்றிலும் ஓடிப் போரிட, தொடை பிளக்கப்பட்டதும் திரௌபதி தன் விரித்த கூந்தலை முடிகிறாள். அன்று மாலை தீமிதி. இந்தக் கணத்தில் யார் நடிகர், யார் பக்தர், யார் பார்வையாளர் என்ற எல்லைகள் கலைந்துவிடுகின்றன. விரித்த கூந்தல் முடியப்படுவதைக் காணக் காத்திருந்த பெண்களின் கண்ணீரைக் ‘கலை ரசனை’ என்ற சொல்லால் விளக்கிவிட முடியாது.

இவ்விழாவை அறிவுலகம் கூர்ந்து கவனித்துள்ளது. அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைட்டல், செஞ்சியை மையமாகக் கொண்ட திரௌபதி வழிபாட்டைப் பற்றி 1988இலும் 1991இலும் இரு பெருந்தொகுதிகளை வெளியிட்டதோடு, விழாவை ஆவணப்படமாகவும் தந்தார். ரிச்சர்ட் ஃபிராஸ்கா 1990இலும் ஹன்னே டி புருயின் 1999இலும் கூத்தைப் பற்றி நூல்கள் எழுதினார்கள். கூத்துக் கலைஞர் பெ.ராஜகோபாலோடு இணைந்து காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கலில் சிறுமியரும் பயின்ற ஒரு குருகுலத்தை உருவாக்கியவர் ஹன்னே. ந.முத்துசாமி, செய்யாறு பகுதியிலுள்ள புரிசையின் நடேசத் தம்பிரான் கூத்தால் ஈர்க்கப்பட்டு, அதன் ஆற்றலை நவீன நாடகக்காரர்களுக்கு எடுத்துச் சொல்லி, 1977இல் கூத்துப்பட்டறையைத் தோற்றுவித்தார். ஆவணப்படத் துறையில் சசிகாந்த் அனந்தாசாரியின் ‘கேளாய் திரௌபதி’, விழாவை ஊர் மக்களின் நம்பிக்கையோடும் கூத்தரின் ஆட்டத்தோடும் சேர்த்து அணுகிய முயற்சியாக மதிக்கத் தக்கது.

ஆயினும் இப்பொருள் படமெடுப்பவரின் முன் வைக்கும் சிக்கல்கள் பெரியவை. முதலாவது காலம். ஓர் இரவுக்கு எட்டு மணி நேரமாகப் பத்து இரவுகள் ஆடப்படும் கூத்து 80 மணி நேரம் நீளும். ஒரு படமோ ஒன்றரை அல்லது இரண்டு மணி நேரத்தில் முடிந்தாக வேண்டும். வேகமான அடவுகளையும் கிறுகிறுவெனச் சுழலும் கிறுக்கிகளையும் மட்டும் வெட்டி ஒட்டினால் கூத்து என்பது இடைவிடாத வேகம் என்ற பிழையான எண்ணம் பிறக்கும். உண்மையில், கூத்தின் கோமாளியான கட்டியங்காரனின் கேலியும், திரைக்குப் பின்னால் நின்று நெடுநேரம் பாடி வெளிப்படும் வேடத்தின் தாமதமும், பின்னிரவில் பாயில் உறங்கும் குழந்தைகளும், விடியலில் தேநீர்க் கடைக்கு எழுந்து போகும் ஆண்களும் சேர்ந்ததுதான் அந்த இரவின் அமைப்பு.

இரண்டாவது சிக்கல் தூய்மை மோகம். தீப்பந்தமும் பெட்ரோமாக்ஸும் இருந்த இடத்தில் இன்று டியூப்லைட்டும் ஜெனரேட்டரும் உள்ளன. ஆடுகளத்துக்கு மேலே கயிற்றில் மைக்குகள் தொங்குகின்றன. பாட வேண்டிய இடத்தில் கலைஞர் மைக்குக்குக் கீழே வந்து நின்று பாடிவிட்டு, பின்னர் நகர்ந்து ஆடுவதால் ஆட்டத்தின் இட அமைப்பே மாறியிருக்கிறது. இம்மாற்றத்தை மறைக்க, தொங்கும் மைக்கைச் சட்டகத்துக்கு வெளியே தள்ளி, தீப்பந்த வெளிச்சத்தில் தனியாக ஆடச்சொல்லிப் படமெடுப்பது அழகான பொய். ராபர்ட் ஃபிளாஹர்ட்டி 1934இல் எடுத்த அயர்லாந்துப் படத்தில், வழக்கொழிந்துவிட்ட சுறா வேட்டையைத் தீவு மக்களுக்குப் புதிதாகக் கற்பித்து நடத்தச் சொன்னார் என்பது உலக ஆவணப்பட வரலாற்றில் நெடுங்கால விவாதமாக இருந்துவருகிறது. கேரளத்தின் பாஞ்ஞாளில் 1975இல் நடந்த அக்னிசயனம் என்ற வேத வேள்வி, வெளிநாட்டு ஆய்வாளர்களின் நிதியுதவியோடு அவர்களின் பதிவுக்காக ஏற்பாடு செய்யப்பட்டது. எதிர்ப்பின் காரணமாக ஆடுகளுக்குப் பதில் அரிசிமாப் பொதிகள் பலியிடப்பட்டன. அடுத்த ஆண்டு வெளிவந்த அதன் ஆவணப்படம் அரியதொரு பதிவு என்பதில் ஐயமில்லை. ஆனால் கேமராவுக்காக நடந்த சடங்குக்கும் ஊருக்காக நடக்கும் சடங்குக்கும் வேறுபாடு உண்டு. பாரத விழா ஊர்ப்பணத்தில், ஊரின் தேவைக்காக நடப்பது; அதுவே அதன் உயிர்.

மூன்றாவது சிக்கல் இரக்கம். எஸ்.ராமகிருஷ்ணனின் கதையில் முரளி மனோகர் இயக்கிய ‘கர்ண மோட்சம்’ குறும்படம், சென்னைக்கு வந்து வேலையற்று நிற்கும் ஒரு கூத்துக் கலைஞரின் துயரை நெகிழ்வாகச் சொன்னது. புனைகதையாக அது நிறைவான படைப்பு. ஆனால் கூத்து என்றாலே அழிந்துவரும் கலை என்ற முடிவோடு கிளம்பும் ஆவணப்படக்காரர், விழாக் காலத்தில் ஆட ஒப்புக்கொண்டு தாம்பூலம் வாங்கிய ஊர்களுக்கிடையே வேன் பிடித்து ஓடி, தூக்கத்தைக் கடன் வைத்து ஆடும் குழுக்களைக் காணத் தவறுகிறார். சாவு வீட்டுக் காரியத்தில் இன்றும் கர்ண மோட்சக் கூத்தை ஆட ஆள் தேடும் ஊர்கள் இம்மாவட்டத்தில் உண்டு. கலை நலிந்துவிட்டது என்று பொதுவாக இரங்குவதை விட, எந்தக் கலைஞருக்கு எத்தனை மாத வேலை, மீதி மாதங்களில் என்ன பிழைப்பு என்று கேட்பது பயனுள்ள ஆய்வு.

பகல் என்னும் மறுபாதி

இக்கேள்வியே படத்தை இரவிலிருந்து பகலுக்குக் கொண்டுசெல்கிறது. விழாக் காலத்துக்கு வெளியே கூத்தர் பலர் சிறு விவசாயிகள், கூலியாட்கள், கட்டட வேலையாட்கள். அவர்களைப் போலவே இம்மாவட்டத்திலிருந்து பெங்களூருக்கும் சென்னைக்கும் வேலை தேடிச் செல்வோர் ஏராளம். ஜவ்வாதுமலைப் பழங்குடியினர் நிலை இன்னும் கடினமானது: 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரத்தின் சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்தவர்கள் எனக் கூறிக் காவல் படையினரால் சுட்டுக் கொல்லப்பட்ட 20 தமிழர்களில் பெரும்பாலோர் திருவண்ணாமலை, தருமபுரி மாவட்டங்களைச் சேர்ந்தவர்கள். மலைவாழ் மக்களின் ஆட்டத்தையும் சாமை உணவையும் ‘பண்பாடு’ என்று படமெடுத்துவிட்டு, கொலை நடந்த காட்டுக்கு அவர்களை அனுப்பிய வறுமையைச் செய்தியாளர் வேலை என்று விலக்கிவைப்பது நேர்மையாகாது.

சாதியும் அவ்வாறே பண்பாட்டுக்குள் உறைகிறது. அண்டை மாவட்டமான விழுப்புரத்தின் மேல்பாதி தர்மராஜா திரௌபதி அம்மன் கோயில், பட்டியலின மக்கள் உள்ளே நுழைவதை எதிர்த்து எழுந்த மோதலின் காரணமாக 2023 ஜூனில் அதிகாரிகளால் பூட்டி முத்திரையிடப்பட்டது. அதே ஆண்டு ஜனவரி இறுதியில், திருவண்ணாமலை மாவட்டம் தண்டராம்பட்டை அடுத்த தென்முடியனூரில் பட்டியலின மக்கள் காவல்துறைப் பாதுகாப்போடு அம்மன் கோயிலுக்குள் முதன்முறையாகச் சென்று பொங்கலிட்டு வழிபட்டார்கள். சபையில் இழுத்துவரப்பட்டு நீதி கேட்ட ஒரு பெண்ணைத் தெய்வமாக்கிய வழிபாட்டிலேயே சிலர் வாசலில் நிறுத்தப்படுகிறார்கள் என்பதே இவ்வட்டாரப் பண்பாட்டின் ஆழமான முரண். தீமிதியின் நெருப்பை எத்தனை கோணங்களில் காட்டினாலும், அந்தக் குழியைச் சுற்றி யார் எங்கே நிற்க விடப்படுகிறார்கள் என்பதைக் காட்டாத படம் முழுமையடையாது.

ஹங்கேரியின் இரு பாதைகள்

மத்திய ஐரோப்பாவின் ஹங்கேரியில் வட்டாரப் பண்பாட்டைப் பதிவு செய்யும் இயக்கம் ஒலியிலிருந்து தொடங்கியது. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இசையமைப்பாளர்கள் பேலா பார்தோக், ஸோல்தான் கோடாய் இருவரும் ஃபோனோகிராஃப் கருவியைத் தூக்கிக்கொண்டு கிராமங்களுக்குச் சென்று உழவர் பாடல்களைத் திரட்டினார்கள். பின்னர் மார்ட்டின் ஜோர்ஜி முதலிய ஆய்வாளர்கள் கிராமத்து நடனங்களைத் திரைப்படச் சுருளில் பதிவு செய்து, ஆடுபவரின் ஒவ்வோர் அசைவையும் பகுத்தாய்ந்தார்கள். இது பண்பாட்டுப் பாதை.

மறுபுறம், 1960களின் தொடக்கத்தில் இளம் இயக்குநர்களின் சோதனைக் களமாக இயங்கத் தொடங்கிய பலாஷ் பேலா ஸ்டுடியோவில், ஷாண்டோர் ஷாரா 1962இல் ஒடுக்கப்பட்ட சிறுபான்மையினரான ரோமா மக்களைப் பற்றிக் குறும்படம் எடுத்தார். பால் ஷிஃபர் 1970இல் எடுத்த ‘கறுப்பு ரயில்’, வறிய கிழக்குப் பகுதியான ஸபோல்சிலிருந்து புடாபெஸ்டுக்கு வேலைக்குப் போய்வரும் தொழிலாளர்களை அவர்களின் ரயில் பெட்டிக்குள்ளேயே இருந்து பதிவு செய்தது. அனைவருக்கும் வேலையும் சமத்துவமும் உண்டு என்று அரசு சொன்ன காலத்தில், வார இறுதியில் வீடு திரும்பும் ஆண்களின் குடியும் களைப்பும் மறுசாட்சியாயின. இது சமூகப் பாதை.

இவ்விரண்டுக்கும் இடையில், தொலைக்காட்சி இயக்குநர் பால் ராக்கன்பாவரும் குழுவினரும் 1979இல் நாட்டின் மேற்கு எல்லை தொடங்கி நீண்ட நடைபாதையில் கால்நடையாகவே சென்று, வழியில் கண்ட ஊர்களையும் தொழில்களையும் மனிதர்களையும் தொடராக்கினார்கள். ஒன்றரை மில்லியன் அடிகள் என்று பெயர் பெற்ற அத்தொடர், படமெடுப்பவரின் வேகம் ஊரின் வேகத்துக்கு இறங்கினால் எவ்வளவு கண்ணில் படும் என்பதற்குச் சான்றாக இன்றும் அந்நாட்டில் விரும்பிப் பார்க்கப்படுகிறது.

தமிழ்ச் சூழலுக்கு நேரடியாக உதவும் பாடம் நடனச் சுருள்களின் பிற்கால வரலாற்றில் உள்ளது. 1972இல் புடாபெஸ்டில் நகரத்து இளைஞர்கள் திரான்சில்வேனியாவின் கிராமத்து வழக்கத்தைப் பின்பற்றி டான்ட்ஸ்ஹாஸ் என்ற நடன வீட்டைத் தொடங்கியபோது, ஆய்வாளர்களின் களப்பதிவுகளே அவர்களுக்குப் பாடநூலாயின. மார்ட்டின் ஜோர்ஜியே அவர்களுக்கு வழிகாட்டினார். ஆய்வகப் பெட்டிக்குள் இருந்த படம் மீண்டும் உடம்புக்குள் புகுந்தது. பண்பாட்டைக் காக்கும் சிறந்த நடைமுறைகளுள் ஒன்றாக 2011இல் யுனெஸ்கோ இதை ஏற்றது. அதே காலத்தில் ரோமா மக்களின் வறுமையைக் காட்டிய படங்கள் இத்தகைய கொண்டாட்டத்தைப் பெறவில்லை என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். அந்த நடனங்களுக்கு வாசித்த இசைக்கலைஞர்களில் பலர் ரோமா மக்களே. கலை போற்றப்பட்டு, கலைஞரின் வாழ்வு ஒதுக்கப்படும் நிலை அங்கும் உண்டு.

படம் ஊருக்குத் திரும்புதல்

பிரெஞ்சு மானுடவியல் திரைப்படக்காரர் ழான் ரூஷ், எடுத்த காட்சிகளை அதில் இடம்பெற்றவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சொல்லும் திருத்தத்தையும் மறுப்பையும் படத்தின் பகுதியாக்கும் முறையைப் பகிர்வு மானுடவியல் என்று அழைத்தார். 1961இல் எட்கர் மொரானோடு சேர்ந்து அவர் எடுத்த படத்தின் இறுதிப் பகுதியில், பங்கேற்றவர்கள் தங்களைத் திரையில் பார்த்துவிட்டு விவாதிக்கிறார்கள். கூத்தைப் பொறுத்தவரை இம்முறை அறத்தோடு அறிவும் சார்ந்தது. பதினெட்டாம் போரின் ஒரு காட்சியில் எந்தப் பாட்டு விடுபட்டது, எந்த அடவு இடம் மாறியது, மத்தளம் எங்கே தயங்கியது என்பதை எந்த ஆய்வாளரையும் விட விழாக் குழுவின் முதியவரும் எதிர்க் குழுவின் வாத்தியாரும் துல்லியமாகச் சொல்வார்கள். கோயிலுக்கு வெளியே நிறுத்தப்பட்டவர்கள் அதே காட்சியில் வேறொன்றைக் காண்பார்கள். இரு கூற்றுகளும் பதிவாக வேண்டும்.

இதற்கான நடைமுறை கடினமானதன்று. ஒரே ஊரில், ஒரே குழுவோடு, விழாக் காலத்தையும் வேலைக் காலத்தையும் உள்ளடக்கிய குறைந்தது ஓராண்டுப் பதிவு. தாம்பூலம் கைமாறும் பேச்சும், கூலிக் கணக்கும், கட்டைகளுக்குப் புதுக் கண்ணாடி ஒட்டும் வேலையும் ஆட்டத்துக்கு இணையான இடம் பெறுதல். நாட்டுப்புறக் கலைஞர்கள் நலவாரிய அட்டைக்கும் உதவித்தொகைக்கும் அதே கலைஞர் மனுவோடு வேங்கிக்காலுக்கு வரும் திங்கட்கிழமையும் படத்தில் இடம்பெறுதல். மைக், ஜெனரேட்டர், கைபேசி ஆகியவற்றை மறைக்காமை. விளக்கவுரைக்கு மாறாகப் பிரசங்கியாரும் கட்டியங்காரனும் பேசும் மொழியையே நம்புதல். இவையே அதன் அடிப்படைகள். இவற்றுக்குப் பெரும்பணம் வேண்டியதில்லை. பொறுமையும் ஊராரின் நம்பிக்கையும் வேண்டும்.

திரௌபதி வழிபாட்டைப் பற்றிய தரமான நூல்களும் பதிவுகளும் அயல்நாட்டுப் பல்கலைக்கழக நூலகங்களில் கிடைக்கும் அளவுக்கு அவ்விழா நடக்கும் ஊர்களில் கிடைப்பதில்லை. எடுத்த படத்தின் ஒரு படி, வெட்டப்படாத மூலப்பதிவோடு, விழா நடத்திய ஊரின் பள்ளிக்கும் ஆடிய குழுவுக்கும் மாவட்ட நூலகத்துக்கும் கட்டாயமாக வழங்கப்பட வேண்டும் என்பதைப் படத்துக்கு நிதி தரும் நிறுவனங்கள் நிபந்தனையாக்கலாம். அப்படிகளைத் தொகுத்துப் பொதுமக்கள் பார்க்கும் வகையில் வைக்க மாவட்ட நிர்வாகம் வேங்கிக்காலில் ஓர் அறை ஒதுக்கலாம். வட்டாரத்தைப் படமெடுக்க வருவோரும் முதற்காட்சியை நகரத்து அரங்குகளுக்கு எடுத்துச் செல்லுமுன், ஊரின் கூத்துக் களத்திலேயே, சேரியும் ஊரும் ஒன்றாக அமர்ந்து பார்க்கும்படி திரையிட வேண்டும். அப்படித் திரையிட முடியாத ஊராக அது இருக்குமானால், அந்த உண்மையும் படத்தில் பதிவாக வேண்டும்.